இரண்டு பங்கு யாருக்கு?



இந்த மாதம் ஒரு சாட்சியும் ஒரு கேள்வியும் எழுதும்படி என் உள்ளத்தில் ஏவப்பட்டேன். சாட்சி என்றதும் வியாதி சுகமானது, வேலை கிடைத்தது என்று நினைத்துவிடாதீர்கள். இது நான் செய்த ஒரு தப்பைப் பற்றிய சாட்சி. கேள்வி இதுதான்: மூத்தவனாகப் பிறந்தது உரிமையா, கடமையா? வேதத்தைக் கையில் வைத்துக்கொண்டே ஒருவன் தன் கூடப்பிறந்தவர்களுடைய பங்கை எடுக்க முடியுமா? முடியும். நான் எடுத்தேன். அதனால்தான் எழுதுகிறேன்.

தியானத்துக்கு: உபாகமம் 21:15-17. வேதத்தைத் திறந்து வைத்துக்கொண்டு வாசியுங்கள்.

ஆறு ஏக்கர் காடு

தாண்டிக்குடியில் எங்கள் அப்பாவுக்கு ஆறு ஏக்கர் காப்பிக் காடு இருந்தது. நிழலுக்கு நின்ற சில்வர் ஓக் மரங்களில் மிளகுக்கொடி ஏற்றியிருந்தார். இடையிடையே கமலா ஆரஞ்சும் மலைவாழையும் இருந்தன. வாழையில் முடிக்கொத்து நோய் விழுந்து தார் தாராகப் போன வருஷங்களில் காப்பிதான் எங்களுக்குச் சோறு போட்டது. நான் மூத்தவன். எனக்குக் கீழே இரண்டு தம்பிகள், கடைசியில் ஒரு தங்கச்சி. எட்டாம் வகுப்போடு என்னை நிறுத்திவிட்டு அப்பா மண்வெட்டியைக் கையில் கொடுத்தார். தம்பிகள் இரண்டு பேரும் வத்தலக்குண்டில் தங்கிப் படித்தார்கள். காப்பி பறித்து மூட்டை சுமந்தது நான். பெரும்பாறை வழியாக வரும் பஸ்ஸில் தம்பிகளுக்கு அரிசியும் துணியும் கொடுத்தனுப்பியதும் நான். இதை ஏன் சொல்கிறேன் என்றால், என் மனசில் ஒரு கணக்கு ஓடிக்கொண்டே இருந்தது. எல்லா வீட்டிலும் மூத்தவனுடைய மனசில் ஓடுகிற கணக்குதான் அது.

1994ல் அப்பா கர்த்தருக்குள் நித்திரை அடைந்தார். உயில் எதுவும் எழுதவில்லை. மறு வருஷம் பாகப்பிரிவினைக்கு உட்கார்ந்தோம். சித்தப்பா, மாமா, ஊர்ப் பெரியவர் இரண்டு பேர் இருந்தார்கள். பாஸ்டர் ஐயாவையும் கூப்பிட்டிருந்தோம். நான் வேதபுத்தகத்தோடு வந்து உட்கார்ந்தேன். உபாகமம் 21ஐத் திறந்து, மூத்தவனுக்கு இரண்டு பங்கு என்பது தேவன் கொடுத்த பிரமாணம் என்று வாசித்தேன். மூன்று ஆண்பிள்ளைகள்; ஆகவே நாலு பங்கு போட வேண்டும்; அதில் எனக்கு இரண்டு, தம்பிகளுக்கு ஒவ்வொன்று. எனக்கு மூன்று ஏக்கர், அவர்களுக்கு ஒன்றரை ஒன்றரை. ஓடைத் தண்ணீர் பாய்கிற பக்கம் எனக்கு.

தம்பிகள் ஒன்றும் பேசவில்லை. அவர்கள் படிப்பு என் முதுகில் ஏறிப்போனது என்று அவர்களுக்குத் தெரியும். தங்கச்சியைப் பற்றி யாரும் கேட்கவில்லை. "அவளுக்குத்தான் நகை போட்டுக் கட்டிக் குடுத்தாச்சே" என்றார் மாமா. அம்மா சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாங்க. பாஸ்டர் ஐயா மட்டும், "தம்பி, லூக்கா 12ல ஒருத்தன் பங்கு பிரிச்சுத் தரச்சொல்லி ஆண்டவர்கிட்ட வந்தப்ப, அவரே அந்த வேலையை ஏத்துக்கலை. நானும் இதுல பேசமாட்டேன். ஆனா அந்த அதிகாரத்தை நீ முழுசா வாசி" என்று சொல்லிவிட்டு எழுந்து போனார். அது எனக்குக் கோபத்தைத் தந்தது.

ரிஜிஸ்டர் ஆபீஸில் தங்கச்சி விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டாள். அம்மாவும் போட்டாங்க. எனக்குச் சமாதானமாகவே இருந்தது. வசனத்தின்படிதானே செய்தேன்!

ஒரு சின்னப் பிள்ளையின் கேள்வி

வருஷங்கள் ஓடின. அம்மா கடைசித் தம்பி வீட்டில் இருந்தாங்க. 2009ல் அங்கேயே காலமானாங்க. சில வருஷங்களுக்கு முன்னே ஞாயிறு பள்ளியில் எண்ணாகமம் 27ம் அதிகாரம் என் பாடமாக வந்தது. செலொப்பியாத்தின் குமாரத்திகள் மக்லாள், நோவாள், ஒக்லாள், மில்காள், திர்சாள் ஐந்து பேரும் மோசேக்கு முன்னால் துணிந்து நின்று, எங்கள் அப்பாவுக்கு மகன் இல்லை என்பதற்காக அவர் பேர் அற்றுப்போகலாமா, எங்களுக்குக் காணியாட்சி வேண்டும் என்று கேட்டார்கள். மோசே தானாகத் தீர்ப்புச் சொல்லாமல் கர்த்தரிடத்தில் கொண்டுபோனார். அவர்கள் கேட்டது சரிதான் என்று பதில் வந்தது. நல்ல பாடம். பிள்ளைகளும் கவனமாகக் கேட்டார்கள்.

கடைசியில் ஒரு சிறுமி, ஏழெட்டு வயசிருக்கும், எழுந்து கேட்டாள்: "தாத்தா, அந்த அக்காமாருக்கு ஒரு அண்ணன் இருந்திருந்தா, அவங்களுக்கு ஒண்ணுமே கிடைச்சிருக்காதா?"

நான் ஏதோ சொல்லி வகுப்பை முடித்தேன். ஆனால் அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. என் தங்கச்சிக்கு அண்ணன் இருந்தான். அந்த அண்ணன் நான். அவள் துரதிர்ஷ்டம் நான்தானா? பாஸ்டர் ஐயா சொன்னபடி அந்த அதிகாரத்தை முழுசாக வாசிக்க எனக்கு இத்தனை வருஷம் ஆயிற்று, பிரியமானவர்களே.

அந்தச் சட்டம் யாருக்காக எழுதப்பட்டது?

உபாகமம் 21ஐ நிதானமாகப் பாருங்கள். ஒருவனுக்கு இரண்டு மனைவிகள். ஒருத்தி மேல் பிரியம், மற்றவள் மேல் வெறுப்பு. வெறுக்கப்பட்டவளுக்குத்தான் முதற்பிள்ளை பிறந்தது. சொத்தைப் பங்கு வைக்கிற நாளில், பிரியமானவளின் மகனை மூத்தவனாக்கிவிட்டு வெறுக்கப்பட்டவளின் மகனைத் தள்ளிவிடக் கூடாது என்பதே அங்கே கட்டளை. அந்த இடத்தில் மட்டும்தான் இரண்டு பங்கு என்ற பேச்சு வருகிறது.

அப்படியானால் அந்தப் பிரமாணம் பலவானுக்குக் கொடுத்த அதிகாரம் அல்ல. புருஷனுக்குப் பிடிக்காமல் மூலையில் கிடக்கிற ஒரு ஸ்திரீயின் பிள்ளைக்குப் போட்ட வேலி. வாய் திறக்க முடியாதவனுக்காக எழுதின சட்டத்தை, வாய் திறக்க முடியாத என் அம்மாவுக்கும் தங்கச்சிக்கும் விரோதமாக நான் எடுத்து வாசித்தேன்.

எபிரெய மொழியில் அந்த "இரண்டு பங்கு" என்ற சொல்லை எழுத்தின்படி எடுத்தால் "இரண்டின் வாய்" என்று வரும். எலியாவினிடத்தில் எலிசா ஆவியின் வரத்தை இரட்டிப்பாகக் கேட்கும்போதும் (2 இராஜாக்கள் 2:9) இதே சொல்தான். சகரியா 13:8ல் மூன்றில் இரண்டு பாகத்தைக் குறிக்கவும் இது வருகிறது. அதனால் மூத்தவனுக்கு மொத்தச் சொத்தில் மூன்றில் இரண்டா, அல்லது ஒரு சகோதரனுக்குக் கிடைப்பதைப் போல இரண்டு மடங்கா என்று யூத ரபீமார் ஆராய்ந்தார்கள். ஒரு சகோதரனைப் போல இரண்டு மடங்கு என்றே தீர்மானித்தார்கள். ஐந்து பிள்ளைகள் என்றால் ஆறு பங்கு. அதில் மூத்தவனுக்கு இரண்டு. இதற்கு மேல் நான் சொல்வது வியாக்கியானம் அல்ல, என் தியானம் மட்டும்: இரண்டு வாய்க்குச் சோறு போடுகிறவனுக்குத்தான் இரண்டு வாய்ப் பங்கு பொருந்தும். என் வீட்டில் அந்த இரண்டாவது வாய் யாருடையது? அம்மாவுடையது. அந்த வாய் தம்பி வீட்டில் அல்லவா சாப்பிட்டது!

ரபீமார் போட்ட வரம்புகள்

யூதர்களுடைய வாய்மொழிப் பிரமாணங்களை ஏறக்குறைய கி.பி. 200ல் தொகுத்த மிஷ்னா என்கிற நூல் இருக்கிறது. முதற்பேறானவனுடைய காரியத்தில் அவர்கள் எவ்வளவு நுணுக்கமாக நடந்தார்கள் என்று அதில் பார்க்கலாம்.

முதலாவது, முதற்பேறு இரண்டு வகை. தாயின் கர்ப்பந்திறந்து பிறக்கிற முதல் ஆண்பிள்ளை கர்த்தருக்குரியவன். அவனை ஆசாரியனிடத்தில் ஐந்து சேக்கல் கொடுத்து மீட்க வேண்டும் (எண்ணாகமம் 18:15-16). சுதந்தரத்துக்கோ தகப்பனுடைய முதல் மகன் யார் என்பதே கணக்கு. ஒருவன் ஒன்றுக்கு முதற்பேறாக இருந்து, மற்றதற்கு இல்லாமல் போகலாம். வனாந்தரத்தில் எண்ணினபோது முதற்பேறானவர்கள் 22,273 பேர், லேவியர் 22,000 பேர். முதற்பேறானவர்களுக்குப் பதிலாக லேவியர் எடுத்துக்கொள்ளப்பட்டார்கள். மிஞ்சின 273 பேருக்குத் தலைக்கு ஐந்து சேக்கல் வீதம் 1,365 சேக்கல் மீட்பின் கிரயம் கொடுக்கப்பட்டது (எண்ணாகமம் 3). பிள்ளையின் 31ம் நாளில் ஐந்து வெள்ளிக் காசு கொடுத்து மீட்கிற வழக்கம் யூதர் நடுவே இன்றும் உண்டு. இதை யோசியுங்கள். முதற்பேறானவன் பிறந்தவுடனே அவன் தலைமேல் ஒரு கடன் நிற்கிறது. நீ உனக்குச் சொந்தமல்ல என்பதுதான் அவன் கேட்கிற முதல் செய்தி. இரண்டு பங்கு அதற்கு வெகு நாளைக்குப் பிறகு வருகிறது.

இரண்டாவது, பெகோரோத் என்ற பகுதியின்படி, மூத்தவனுக்கு இரண்டு பங்கு தகப்பன் சொத்தில் மட்டும்தான். தாயின் சொத்தில் கிடையாது. தகப்பன் இறந்த பிறகு சொத்தில் உண்டான பெருக்கத்திலும் கிடையாது. அதாவது, சகோதரர் சேர்ந்து உழைத்து உண்டாக்கினதில் நான் மூத்தவன் என்ற பேச்சு செல்லாது.

மூன்றாவது, பாபா பத்ரா என்ற பகுதியில் ஒரு காரியம் என்னை உலுக்கிவிட்டது. பழைய யூத முறைமையில் ஆண்பிள்ளைகள் இருந்தால் பெண்பிள்ளைகளுக்குச் சொத்தில் பங்கு இல்லைதான். அந்தச் சிறுமியின் கேள்விக்கு நேர்மையான பதில், ஆமாம் கண்ணு, அண்ணன் இருந்தால் கிடைத்திருக்காது என்பதே. ஆனால் தகப்பன் விட்டுப்போன சொத்திலிருந்து பெண்பிள்ளைகளைப் போஷிக்க வேண்டும் என்பது கட்டாயம். சொத்துக் கொஞ்சமாக இருந்தால் பெண்பிள்ளைகளுக்குச் சாப்பாடு. ஆண்பிள்ளைகள் வாசல் வாசலாகப் போய்ப் பிச்சை கேட்கட்டும் என்று அங்கே இருக்கிறது! அத்மோன் என்ற ஒருவர், ஆணாய்ப் பிறந்ததற்காக நான் நஷ்டப்படணுமா என்று கேட்டதும் பதிவாகியிருக்கிறது. ஆனாலும் பொதுப் பிரமாணம் மாறவில்லை. நான் என்ன செய்தேன்? பழைய பிரமாணத்தில் எனக்கு இலாபமான பாதியை எடுத்துக்கொண்டேன். பாரமான பாதியை அங்கேயே விட்டுவிட்டேன்.

மூத்தவர்கள் ஏன் தள்ளப்பட்டார்கள்?

வேதத்தில் முதற்பேறானவர்களின் கதையைத் தொடர்ந்து பார்த்தால் ஆச்சரியமாயிருக்கும். இஸ்மவேல் அல்ல, ஈசாக்கு. ஏசா அல்ல, யாக்கோபு. மனாசே அல்ல, எப்பிராயீம். ஈசாயின் வீட்டில் எலியாப் அல்ல, ஆடு மேய்த்துக்கொண்டிருந்த கடைசிப் பிள்ளை தாவீது. தேவனுக்கு மூத்தவர்கள் மேல் கோபமா? இல்லை. பிறந்த வரிசை ஒரு மனுஷனை யோக்கியனாக்காது என்பதைத்தான் இது காட்டுகிறது.

ஏசா ஒரு வேளைக் கூழுக்குச் சேஷ்டபுத்திர பாகத்தை விற்றான். இது கட்டுக்கதை போல இருக்கிறது என்பார் சிலர். ஈராக் தேசத்தில் கிர்கூக் பட்டணத்துக்கு அருகே நூசி என்ற பழைய ஊரை 1925 முதல் 1931 வரை தோண்டினபோது களிமண் பலகைகள் ஆயிரக்கணக்கில் கிடைத்தன. அவற்றில் ஒன்றில், ஒரு சகோதரன் தனக்கு வர வேண்டிய தோப்பை இன்னொரு சகோதரனுக்கு மூன்று ஆட்டுக்கு விட்டுக்கொடுத்த ஒப்பந்தம் இருக்கிறது. பசியுள்ளவனிடத்தில் பங்கை வாங்குவது அன்றைக்கும் நடந்தது. ஏசாவை நாம் எல்லாரும் திட்டுகிறோம். ஆனால் பசித்து வந்த கூடப்பிறந்தவனுக்குக் கூழைச் சும்மா கொடுக்காமல் விலை பேசினானே யாக்கோபு, அவனைப் பற்றி எத்தனை பிரசங்கம் கேட்டிருக்கிறோம்? பின்னே அவன் இருபது வருஷம் லாபானிடத்தில் ஏமாற்றப்பட்டான். அங்கேயும் மூத்தவள், இளையவள் என்ற பேச்சுதான் அவனைப் பிடித்தது.

யோசபாத் ராஜாவுக்கு ஏழு குமாரர். தகப்பன் எல்லாருக்கும் வெள்ளியும் பொன்னும் அரணான பட்டணங்களும் கொடுத்து, ராஜ்யத்தை மட்டும் யோராமுக்குக் கொடுத்தான். காரணம், அவன் மூத்தவன் (2 நாளாகமம் 21). யோராம் பலப்பட்டவுடன் தம்பிமார் எல்லாரையும் பட்டயத்தால் கொன்றான். யெப்தாவின் சகோதரரோ அவன் வேறொருத்தியின் மகன் என்று சொல்லிச் சுதந்தரம் கொடாமல் துரத்தினார்கள். ஆபத்து வந்தபோது அவனைத்தான் தேடிப் போனார்கள் (நியாயாதிபதிகள் 11).

ஆனால் எனக்கு முழு வெளிச்சம் கொடுத்தது 1 நாளாகமம் 5:1-2. ரூபன் தகப்பனுடைய மஞ்சத்தைத் தீட்டுப்படுத்தினதினால் சேஷ்டபுத்திர சுதந்தரம் அவனை விட்டுப் போயிற்று. யாருக்குப் போயிற்று? யோசேப்பின் குமாரருக்கு. எப்பிராயீம், மனாசே என்று யோசேப்புக்கு இரண்டு கோத்திரப் பங்கு கிடைத்தது. இந்த யோசேப்பு யார்? பஞ்ச காலத்தில் தகப்பனையும் சகோதரரையும் அவர்கள் குடும்பங்களையும் போஷித்தவன் (ஆதியாகமம் 47:12). தன்னை விற்றவர்களுக்கே சோறு போட்டவன். தகப்பனை எகிப்திலிருந்து கொண்டுபோய் அடக்கம் பண்ணினவன். இரண்டு பங்கு எதற்கு என்று வேதம் நேரடியாக விளக்கம் எழுதவில்லை. ஆனால் அந்தப் பங்கு எப்படிப்பட்டவன் கையில் போய்ச் சேர்ந்தது என்று காட்டியிருக்கிறது.

நம்முடைய தேசத்திலும்

இதெல்லாம் யூதர் கதை, நமக்கென்ன என்று தள்ளிவிட முடியாது. மனு ஸ்மிருதி 9ம் அத்தியாயத்திலும் மூத்தவனுக்கு இருபதில் ஒரு பங்கு அதிகம் என்று சொல்லியிருக்கிறது. நம் ஜில்லாவையும் அக்கம்பக்கத்தையும் ஆண்ட ஜமீன்களில் இருபது, முப்பது என்ற பேச்சே இல்லை. பிரிக்கக் கூடாத ஜமீன் என்றால் முழுவதும் மூத்தவனுக்கு. இளையவர்களுக்கு ஜீவனாம்சம் மட்டும். இதற்காகச் சென்னை ராஜதானியில் 1904ல் ஒரு சட்டமே போட்டார்கள். 1948ம் வருஷத்து ஜமீன் ஒழிப்புச் சட்டம் வரும்வரை அந்தக் காலம் நீடித்தது.

சிவகங்கையில் 1801ல் ஜமீன் பெற்ற கௌரி வல்லபத் தேவர் 1829ல் ஆண்வாரிசு இல்லாமல் இறந்தார். அவருடைய சகோதரனின் மகன் ஜமீனை எடுத்துக்கொண்டார். மகள் காத்தம நாச்சியார் விடவில்லை. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போய், அவர் பக்கம் தீர்ப்பானது 1863ல். முப்பத்து நாலு வருஷம்! செலொப்பியாத்தின் குமாரத்திகளுக்கு ஒரு நாளில் கிடைத்தது, நம் தேசத்தின் ஒரு மகளுக்கு ஒரு தலைமுறை கழிந்து கிடைத்தது.

கிறிஸ்தவர்களாகிய நாம் மட்டும் என்ன? திருவிதாங்கூரில் 1916ல் போட்ட கிறிஸ்தவ வாரிசுச் சட்டப்படி மகளுக்கு மகனுடைய பங்கில் நாலில் ஒன்று, அல்லது 5,000 ரூபாய், இதில் எது குறைவோ அது. வேதபுத்தகம் வைத்திருக்கிற ஜனங்களுக்குத்தான் இந்தச் சட்டம்! மேரி ராய் என்ற சகோதரி உச்ச நீதிமன்றத்தில் வழக்காடினார். 1986 பிப்ரவரியில் தீர்ப்பு வந்தது: 1925ம் வருஷத்து இந்திய வாரிசுரிமைச் சட்டமே அங்கேயும் செல்லும், மகனுக்கும் மகளுக்கும் சம பங்கு. யூதர்களுடைய இஸ்ரவேல் தேசத்திலேயே 1965ம் வருஷத்து வாரிசுச் சட்டத்தில் பிள்ளைகளுக்கெல்லாம் சரிசமம். மூத்தவனுக்கு விசேஷம் இல்லை.

அந்த 1925ம் வருஷத்துச் சட்டம்தான் தாண்டிக்குடியில் என் அப்பா இறந்தபோது எங்களுக்கும் இருந்தது. எனக்குத் தெரியாது, தெரிந்துகொள்ள விருப்பமும் இல்லை. உயில் எழுதாமல் கிறிஸ்தவன் இறந்தால் மனைவிக்கு மூன்றில் ஒன்று. மீதி பிள்ளைகளுக்குச் சரிசமம். மகன் மகள் பேதமில்லை, மூத்தவன் இளையவன் பேதமில்லை.

ஒரு நாள் காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஆறு ஏக்கரில் அம்மாவுக்கு இரண்டு. நாலு பிள்ளைகளுக்கு ஒவ்வொரு ஏக்கர். அம்மா காலமானபின் அந்த இரண்டு ஏக்கரும் நாலு பேருக்கு அரை அரை. ஆக ஒவ்வொருவருக்கும் ஒன்றரை. தம்பிகளிடத்தில் ஒன்றரை ஒன்றரை சரியாக இருக்கிறது. என்னிடத்தில் மூன்று இருக்கிறது. தங்கச்சியிடத்தில் ஒன்றுமில்லை.

பென்சிலைக் கீழே வைத்துவிட்டேன். நான் மூத்தவனின் இரட்டைப் பங்கு என்று இத்தனை வருஷம் சொல்லிக்கொண்டிருந்தது எது? ஒன்று என் பங்கு, மற்றது என் தங்கச்சி பங்கு. உயிரோடிருந்த வரைக்கும் அம்மாவுக்கு வர வேண்டியதில் என் பாகத்தையும் கொடுக்கவில்லை. அதை இனி யாரிடத்தில் கொடுப்பேன்?

"நான் உழைச்சேனே!"

இங்கே மூத்தவர்கள் ஒரு கேள்வி கேட்பீர்கள். நானும் கேட்டேன். எட்டாம் வகுப்போடு நின்றேனே, மூட்டை சுமந்தேனே, அதற்கு விலை இல்லையா? இருக்கிறது. அதை அலட்சியம் பண்ணக் கூடாது. எத்தனையோ வீடுகளில் மூத்தவனும், அதிலும் அதிகமாக மூத்தவளும், மெழுகுவர்த்தி போல உருகித் தம்பி தங்கைகளைக் கரையேற்றியிருக்கிறார்கள். அவர்களுக்கு நன்றி சொல்லக்கூட ஆள் இருப்பதில்லை. அது பாவம்தான்.

ஆனால் உபாகமத்தில் இரண்டு பங்கு உழைப்புக்குக் கூலியாகக் கொடுக்கப்படவில்லை. தகப்பனுடைய பெலத்தின் முதற்பலன் என்பதே அங்கே சொல்லப்பட்ட காரணம். சோம்பேறியான மூத்தவனுக்கும் அது உண்டு. கூலி வேண்டுமானால் கூலி என்று சொல்லிக் கேட்டிருக்க வேண்டும். தம்பிகளிடத்தில் உட்கார்ந்து, "உங்க படிப்புக்கு நான் இவ்வளவு சுமந்தேன், இதுக்கு என்ன செய்யலாம்?" என்று பேசியிருக்கலாம். அந்தக் கடன் தம்பிகளுடையது. நான் வசூலித்ததோ தங்கச்சியிடத்தில். கடன்காரனை விட்டுவிட்டுக் கையாலாகாதவளிடத்தில் வாங்கினால் அது நியாயமா?

லூக்கா 15ல் வருகிற மூத்த குமாரனைப் பாருங்கள். இளையவன் பங்கு கேட்டபோது தகப்பன் இரண்டு பேருக்கும் ஆஸ்தியைப் பிரித்துவிட்டான். பிரமாணத்தின்படி மூத்தவனுக்கு மூன்றில் இரண்டு. அத்தனையும் கையில் இருந்தும், நான் இத்தனை வருஷம் உழைத்தேன், ஒரு ஆட்டுக்குட்டிகூடத் தரவில்லை என்று வாசலில் நின்று அழுகிறான். பங்கு பெரிசாக இருந்தது; அவனோ வீட்டுக்கு வெளியே நின்றான். அந்தக் கதைக்கு ஆண்டவர் முடிவு சொல்லவில்லை. மூத்தவன் உள்ளே போனானா? தெரியாது. ஒவ்வொரு மூத்தவனும் தானே முடிவு எழுதட்டும் என்று விட்டுவிட்டார் போலும்.

அவரும் மரியாளின் முதற்பேறான குமாரன்தான் (லூக்கா 2:7). அவருக்குக் காடு இல்லை, கரை இல்லை. இருந்த வஸ்திரத்தையும் சேவகர் பங்கு போட்டுக்கொண்டார்கள். அந்த நேரத்திலும் சிலுவையில் தொங்கிக்கொண்டே, தாயை ஒரு சீஷனுடைய வீட்டில் ஒப்புவித்துவிட்டுப் போனார் (யோவான் 19:26-27). பங்கு எதுவும் வாங்காமலே மூத்தவனின் கடமையைச் செய்தார். நான் மூன்று ஏக்கர் வாங்கிக்கொண்டு அதைச் செய்யவில்லை.

தங்கச்சி வீட்டு வாசலில்

தங்கச்சி கீழே நிலக்கோட்டைப் பக்கம் குடியிருக்கிறாள். விடியற்காலையில் மல்லிகைப் பூ எடுக்கக் கூலிக்குப் போகிறாள். நான் போய் உட்கார்ந்து, காகிதத்தைக் காட்டிக் கணக்கைச் சொன்னேன். அவள் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு சொன்னாள்:

"காட்டை நான் அப்பவே மறந்துட்டேண்ணே. அம்மா பதினாலு வருஷம் இருந்தாங்க. ஒரு ராத்திரிகூட உன் வீட்டுல படுக்கலை. அதுதான் எனக்கு ஆறலை."

நான் அழுதேன். ஒன்றரை ஏக்கரை எழுதிக் கொடுக்கிறேன் என்றேன். அவள், "குடு, வாங்கிக்கிறேன். ஆனா தானம் பண்றதா நினைச்சுக் குடுக்காதே. என்னுதைத்தானே குடுக்கறே" என்றாள். அதற்கும் என்னிடத்தில் பதில் இல்லை.

வீட்டில் என் மூத்த மகன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். "அந்த ஒண்ணரை ஏக்கர்ல மிளகு நட்டது நான். தப்பு உங்களது, நஷ்டம் எனக்கா?" என்றான். அவன் கேட்டதிலும் நியாயம் உண்டு. அப்போது அந்த மிஷ்னாப் பிரமாணம் நினைவுக்கு வந்தது: பின்னால் உண்டான பெருக்கம் வேறு, ஆதியில் இருந்த சொத்து வேறு. நிலம் தங்கச்சியுடையது. நட்ட கொடியின் உழைப்பு மகனுடையது. அவன் உழைப்புக்குக் கடன்பட்டவன் அவன் அத்தை அல்ல, நான். ஆகவே என் ஒன்றரை ஏக்கரின் மகசூலிலிருந்து வருஷா வருஷம் அவனுக்குக் கொடுத்துவருகிறேன். இன்னும் கடன் தீரவில்லை. அவன் மனஸ்தாபமும் முழுசாகத் தீரவில்லை. இதை மறைத்து, எல்லாம் சுபமாக முடிந்தது என்று எழுதினால் அது பொய்ச் சாட்சியாகும்.

பத்திரம் பதிவான அன்று சாயங்காலம் எங்கள் ஊர் மலைமேல் இருக்கிற கல்திட்டைகள் பக்கம் நடந்துபோனேன். பெரிய பலகைக் கல்லை நிறுத்தி, மேலே மூடுகல் வைத்து, ஆதி காலத்து ஜனங்கள் தங்கள் மரித்தவர்களுக்கு எழுப்பினவை. அவர்களிலும் மூத்தவன் இருந்திருப்பான், இளையவன் இருந்திருப்பான், எல்லை தகராறும் இருந்திருக்கும். இன்று எது யாருடைய பங்கு என்று சொல்ல ஒரு ஆள் இல்லை. கல் மட்டும் நிற்கிறது.

பிரியமானவர்களே,

இதை வாசிக்கிற தகப்பன்மாரே, உயிரோடிருக்கும்போதே, பிள்ளைகளை உட்கார வைத்து, மகளையும் கூட வைத்து, காரியத்தை ஒழுங்கு பண்ணுங்கள். பழைய யூத ரபீமாரும் தகப்பன் உயிரோடிருக்கையில் ஈவாகப் பங்கிட்டு எல்லாரையும் சமமாக்கலாம் என்று அனுமதித்தார்கள்.

மூத்தவர்களே, உங்கள் கையில் இருக்கிற பங்கில் யாருடைய பெயர் மறைந்திருக்கிறது என்று ஒரு காகிதத்தில் கணக்குப் போட்டுப் பாருங்கள். இளையவர்களே, உங்களுக்காகப் படிப்பை விட்ட அண்ணன், கலியாணத்தைத் தள்ளிப்போட்ட அக்கா இருந்தால், அவர்கள் வாய்விட்டுக் கேட்கும்வரை காத்திராதீர்கள்.

அம்மா உயிரோடிருக்கிறவர்களே, இன்று ராத்திரி அம்மா யார் வீட்டில் படுக்கிறாங்க? இந்த ஒரு கேள்விக்கு எனக்குப் பதில் சொல்லக் காலம் கடந்துபோயிற்று. உங்களுக்கு இன்னும் இருக்கிறது.

பரலோகத்தில் பேரெழுதியிருக்கிற முதற்பேறானவர்களின் சபை என்று எபிரெயர் 12:23 சொல்லுகிறது. அங்கே ஒரே ஒரு மூத்தவன் அல்ல; சபை முழுவதும் முதற்பேறுதான். ஒருவனும் மற்றவனுடைய பங்கைக் குறைத்து வாங்க வேண்டியதில்லை. அந்த நம்பிக்கையுள்ளவன் இங்கே ஓடைப் பக்கத்து ஒன்றரை ஏக்கருக்காகத் தங்கச்சியை இழக்கலாமா?

கர்த்தர்தாமே நம் குடும்பங்களில் நியாயத்தையும் சமாதானத்தையும் கட்டளையிடுவாராக. ஆமென்.

— தாண்டிக்குடி சபையின் ஒரு விசுவாசி